மறு உத்தரவு வரும்வரை

2018 மார்ச் 11, ஞாயிற்றுக்கிழமை இரவு போடியில் இருந்த யாருக்கும் அந்த ஆம்புலன்ஸ் சத்தம் மறந்திருக்காது. சென்னையிலிருந்தும் ஈரோடு, திருப்பூர் பக்கமிருந்தும் மலையேற வந்தவர்கள், கொழுக்குமலையிலிருந்து குரங்கணிக்கு இறங்கும் வழியில், காய்ந்த புல்லில் பிடித்த தீக்குள் மாட்டிக்கொண்டார்கள். இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனார்கள். அதில் நிறையப் பேர் என் வயதுக்காரர்கள்.

அடுத்த இரண்டொரு நாள் பெரியப்பா வீட்டில் டிவி ஓடிக்கொண்டே இருந்தது. டாப் ஸ்டேஷன் பாதைக்குத்தான் அனுமதி, கொழுக்குமலைப் பாதைக்கு இல்லை என்றது வனத்துறை. அப்படியென்றால் அவர்களை மேலே விட்டது யார் என்று எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தோம். அப்போது திரையின் அடியில் ஒரு வரி ஓடியது. வனச்சரகர் ஒருவர் சஸ்பெண்ட்.

"இவங்களையெல்லாம் சஸ்பெண்ட் பண்ணா மட்டும் பத்தாது" என்றேன். மனசுக்குள் ஒரு சின்ன திருப்தி வந்ததை ஒத்துக்கொள்ள வேண்டும். ஏதோ ஒன்று நடந்துவிட்டது, யாரோ பதில் சொல்லிவிட்டார்கள் என்பது மாதிரியான திருப்தி.

பெரியப்பா என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. "எதுவரைக்கும்னு போட்ருக்காங்களா?" என்று மட்டும் கேட்டார்.

"அதெல்லாம் போட மாட்டாங்க பெரியப்பா."

"ஆமா. போட மாட்டாங்க" என்று சொல்லிவிட்டு, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார்.

அவர் கேட்டதைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. அந்த வனச்சரகர் தப்பு செய்தாரா இல்லையா என்று நான் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. தப்பு செய்தவரோ செய்யாதவரோ, ஒரு மனிதரைத் 'தற்காலிகமாக' நிறுத்திவைக்க எவ்வளவு காலம்வரை நமக்கு உரிமை இருக்கிறது? அந்தக் காலத்துக்கு யார் பொறுப்பு?

*

முதலில் சொல்லைப் பார்ப்போம். பேப்பரில் 'பணியிடை நீக்கம்' என்று போடுவார்கள். பழைய அரசாணைகளில் 'தற்காலிகப் பணிநீக்கம்' என்று இருக்கும். இரண்டிலுமே 'நீக்கம்' வந்துவிடுகிறது. சட்டம் சொல்வதோ வேறு. சஸ்பென்ஷன் தண்டனை கிடையாது, வேலையும் போகவில்லை. விசாரணை ஒழுங்காக நடக்க ஒருவரை அவர் நாற்காலியிலிருந்து கொஞ்ச காலம் தள்ளி உட்கார வைப்பது மட்டுமே அது.

தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கு இதற்கான அதிகாரம், 1955ஆம் ஆண்டின் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் பதினேழாவது விதியில் இருக்கிறது. கடுமையான குற்றச்சாட்டின் மேல் விசாரணை நடந்தாலோ, நடத்த உத்தேசித்தாலோ சஸ்பெண்ட் செய்யலாம். குற்ற வழக்கு விசாரணையில் இருந்து, பொதுநலனுக்கு அவசியம் என்றாலும் செய்யலாம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் சஸ்பெண்ட் ஆனதாகவே கருதப்படும்.

இந்த அதிகாரம் வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஃபைல் அவர் பீரோவிலேயே இருக்கிறது, சாட்சி சொல்ல வேண்டிய கிளார்க் அவருக்குக் கீழேதான் வேலை பார்க்கிறார். அப்புறம் என்ன விசாரணை நடக்கும்? புகார் கொடுத்த விவசாயி மறுநாள் அதே ஆளிடம் போய்த்தானே கையெழுத்துக்கு நிற்க வேண்டும்? ஆளைத் தள்ளி வைப்பது நியாயம்தான். அந்த உத்தரவின் கடைசி வரியில்தான் சிக்கல் இருக்கிறது. 'மேலும் ஆணை பிறப்பிக்கப்படும்வரை.'

*

பெரியப்பா 2010 அக்டோபரில் சஸ்பெண்ட் ஆனார். எந்தத் துறை என்று எழுதவில்லை. எந்தத் துறையாக இருந்தாலும் கதை இதேதான். மலையடிவாரத்தில் வண்டிகளும் காகிதங்களும் கைமாறும் ஒரு வேலை. பதிவேட்டில் சில பக்கங்களில் கணக்கு சரியில்லை, பணம் வாங்கினார் என்று ஒரு புகார். உத்தரவு வந்த அன்று ஆபீஸ் சாவிக்கொத்தைக் கொடுத்துவிட்டு, டிபன் பாக்ஸோடு மத்தியானமே வீட்டுக்கு வந்தார். சாப்பாடு அப்படியே இருந்தது.

அவருக்கு மூன்று விஷயங்கள் சொல்லப்பட்டன. வேலைக்கு வரக் கூடாது. அனுமதி இல்லாமல் தலைமையிடத்தை விட்டுப் போகக் கூடாது. வேறு எந்த வேலையோ தொழிலோ செய்யவில்லை என்று சான்று எழுதிக் கொடுத்தால் பாதிச் சம்பளம் போல ஒரு தொகை கிடைக்கும்.

அந்தத் தொகைக்குத் தமிழில் 'பிழைப்பூதியம்' என்று பெயர். பிழைத்திருக்கத் தரும் ஊதியம். நம் மொழியில் பிழை என்றால் தப்பும்தான், உயிரோடு இருப்பதும்தான். பெரியப்பா அந்தப் படிவத்தில் ஒவ்வொரு மாதமும் கையெழுத்துப் போடும்போது எந்த அர்த்தத்தில் போட்டார் என்று எனக்குத் தெரியாது.

பெரியம்மா ஏலக்காய் ஸ்டோருக்குத் தரம் பிரிக்கப் போனார். போடியில் அது கௌரவக் குறைவான வேலை இல்லை; ஊரில் பாதி வீட்டுப் பெண்கள் பார்ப்பதுதான். ஆனால் 'சார் வீட்டம்மா' அதற்கு முன்பு போனதில்லை. காயை நிறம் பார்த்து, பருமன் பார்த்துப் பிரித்து, வெடித்ததை ஒதுக்கிவிட்டு சாயங்காலம் வருவார். வீடெல்லாம் ஏலக்காய் மணக்கும். பெரியப்பா திண்ணையில் உட்கார்ந்து மலையைப் பார்த்துக்கொண்டிருப்பார். முன்பெல்லாம் ஞாயிற்றுக்கிழமைகளில் மச்சான் தோட்டத்துக்கு ஜீப்பில் போய்விட்டு வருவார். முந்தல் தாண்டி, பதினேழு கொண்டை ஊசி வளைவு ஏறினால் போடிமெட்டு, அதற்கு அந்தப்பக்கம் கேரளா. இப்போது அங்கே போனால் 'தலைமையிடத்தை விட்டுப் போனான், தோட்டத்தில் தொழில் பார்க்கிறான்' என்று யாராவது மொட்டைக் கடுதாசி போடுவார்களோ என்று பயம். கண்ணுக்கு எதிரே இருந்த மலைக்கு அவர் மூன்றே முக்கால் வருடம் போகவில்லை.

குற்றச்சாட்டுக் குறிப்பாணை, ஆபீஸ் பாஷையில் '17 பி', வந்தது 14 மாதம் கழித்து. அதாவது என்ன குற்றம் என்று எழுத்தில் சொல்லவே 14 மாதம். அதற்குப் பிறகு விசாரணை அதிகாரி மாறினார். அப்புறம் வந்தவரும் மாறினார். 2014 ஜூனில் பெரியப்பாவைத் திரும்பச் சேர்த்துக்கொண்டார்கள். பணம் வாங்கியது நிரூபணமாகவில்லை, பதிவேட்டில் கவனக்குறைவு நிரூபணம் என்று முடித்து, ஒரு வருட ஊதிய உயர்வை நிறுத்தினார்கள்.

தண்டனை ஒரு இன்கிரிமென்ட். தண்டனை இல்லாததோ மூன்று வருடம் எட்டு மாதம்.

*

இந்தப் பிரச்சினையை நீதிமன்றங்கள் பார்க்கவில்லை என்று சொல்ல முடியாது. நாற்பது வருடமாக, ஒவ்வொரு அங்குலமாக, வரம்பு கட்டிக்கொண்டு வருகிறார்கள்.

மகாராஷ்டிராவில் ஒரு விதி இருந்தது. கீழ் நீதிமன்றத்தில் தண்டிக்கப்பட்டு, மேல்முறையீடு நிலுவையில் இருக்கும் ஊழியருக்குப் பிழைப்பூதியம் மாதம் ஒரு ரூபாய். 1983இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஒரு ரூபாயில் யாரும் பிழைத்திருக்க முடியாது, மேல்முறையீடும் நடத்த முடியாது என்பதைச் சொல்ல உச்ச நீதிமன்றம்வரை போக வேண்டியிருந்தது.

அடுத்தது கோலார் தங்கவயல். நம் ஆட்கள் தலைமுறை தலைமுறையாக இறங்கிச் செத்த சுரங்கம். பாரத் தங்கச் சுரங்க நிறுவனத்தில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்த கேப்டன் பால் அந்தோணி 1985 ஜூனில் சஸ்பெண்ட் செய்யப்பட்டார். வீட்டுச் சோதனையில் 4.5 கிராம் தங்க உருண்டையும் தங்கம் கலந்த மணலும் கிடைத்தது என்பது குற்றச்சாட்டு. அவருக்குப் பிழைப்பூதியம் தரவில்லை. சொந்த மாநிலமான கேரளாவிலிருந்து விசாரணைக்கு வந்துபோகக் கையில் காசில்லை. அவர் வராமலேயே விசாரணை நடந்தது. 1986இல் வேலை போனது. 1987இல் குற்றவியல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. உச்ச நீதிமன்றம் அவரை மறுபடி வேலையில் சேர்க்கச் சொன்னது 1999இல். பட்டினி போட்டுவிட்டு 'விசாரணைக்கு வா' என்று கூப்பிட்டால் அது விசாரணையே இல்லை என்பதுதான் அந்தத் தீர்ப்பின் ஒரு பகுதியின் சாரம்.

2015 பிப்ரவரி 16ஆம் தேதிதான் காலத்துக்கு ஓர் எண் கிடைத்தது. அஜய் குமார் சௌத்ரி வழக்கு. ராணுவ நிலங்களைப் பார்க்கும் அதிகாரி. 2011இல் சஸ்பெண்ட் ஆனார், அதைத் தவணை தவணையாக நீட்டித்துக்கொண்டே போனார்கள். நீதிபதிகள் விக்ரம்ஜித் சென், சி.நாகப்பன் அமர்வு சொன்னது இது: மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தரவில்லை என்றால் சஸ்பென்ஷன் நீளக் கூடாது. தந்துவிட்டால், நீட்டிக்கக் காரணம் எழுதி உத்தரவு போட வேண்டும். அந்த ஆள் சாட்சியைக் கலைப்பார் என்று பயமா? வேறு ஊருக்கு மாற்றுங்கள், ஃபைலைத் தொடாதே என்று சொல்லுங்கள். கொலை வழக்கில் சிறையில் இருப்பவருக்கே 90 நாளில் குற்றப்பத்திரிகை வராவிட்டால் பிணை கேட்க உரிமை உண்டு. அந்த வரம்பை மனதில் வைத்துத்தான் இதையும் சொன்னார்கள்.

இதில் ஒரு வேடிக்கை. வழக்குப் போட்டவருக்கு இந்த வரம்பு உதவவில்லை. தீர்ப்பு வரும் நேரத்தில் அவருக்குக் குறிப்பாணை தந்துவிட்டிருந்தார்கள். பெரியப்பாவுக்கும் உதவவில்லை. அவர் வேலைக்குத் திரும்பி எட்டு மாதம் ஆகியிருந்தது.

2018இல் தமிழ்நாடு அரசு ஒரு ஐ.பி.எஸ். அதிகாரிக்கு எதிராகக் கொண்டுபோன வழக்கில், ஆறு வருடத்துக்கு மேல் ஒருவரைச் சஸ்பென்ஷனில் வைத்திருப்பதால் பயனில்லை என்றது உச்ச நீதிமன்றம். அவர் திரும்பி வந்தால் சாட்சிகளைக் கலைப்பார் என்பதைக் காட்ட ஒன்றும் இல்லையே என்று கேட்டது. ஆனால் 2022இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, மூன்று மாதம் முடிந்தால் உத்தரவு தானாகச் செத்துப்போகும் என்று எடுத்துக்கொள்ள முடியாது, ஒவ்வொரு வழக்கின் தன்மையைப் பார்க்க வேண்டும் என்று சொன்னது. எண் இருக்கிறது, ஆனால் அது இறுகிய எண் இல்லை. இன்றைக்கு நிலைமை அதுதான்.

*

இதைப் படிக்கும் உங்களில் பாதிப் பேருக்கு எரிச்சல் வந்திருக்கும் என்று தெரியும். பட்டா மாற்றத்துக்கு, சாதிச் சான்றிதழுக்கு, மின் இணைப்புக்கு நாம் எல்லோரும் வரிசையில் நின்று கொடுத்திருக்கிறோம். நமக்கு அரசு ஊழியர் மேல் இரக்கம் வருவது கஷ்டம். அவனுக்கு வீட்டில் உட்கார வைத்துப் பாதிச் சம்பளம் வேறு தருகிறார்களே என்று தோன்றும். ஸ்டோரில் தரம் பிரிக்கும் பெண்ணுக்கோ, தினம் ஜீப்பில் மலையேறும் தொழிலாளிக்கோ பிழைப்பூதியம் யாரும் தருவதில்லை. சந்தேகம் வந்தால் மறுநாள் வர வேண்டாம் என்பார்கள், அவ்வளவுதான்.

இந்த எரிச்சல் நியாயமானது. இதற்கு 'பெரும்பாலான ஊழியர்கள் நல்லவர்கள்' என்று பதில் சொல்ல மாட்டேன். பெரியப்பா நல்லவரா என்பதே எனக்குத் தெரியாது. ஒருமுறை பெரியம்மாவிடம் நேராகவே கேட்டுவிட்டேன், "பெரியப்பா வாங்கினாரா?" என்று. அவர் கையில் இருந்த வேலையை நிறுத்தவில்லை. "எனக்குத் தெரியாது தம்பி. அதைக் கண்டுபிடிக்க நாலு வருசம் எடுத்துக்கிட்டவங்களுக்கே தெரியலயே."

என் வாதம் முழுக்க அந்தப் பதிலில் இருக்கிறது. கால வரம்பு குற்றவாளிக்குக் காட்டும் சலுகை என்று நினைக்கிறோம். வரம்பு கட்டிப்போடுவது விசாரிக்கப்படுபவரை இல்லை, விசாரிப்பவரை. பெரியப்பா வாங்கியிருந்தால், 14 மாதத்தில் சாட்சிக்கு மறந்துபோனது, காகிதம் தொலைந்தது, அதிகாரி மாறியது எல்லாம் அவருக்குத்தான் லாபம். வாங்கவில்லை என்றால், அவருக்கு நஷ்டம். இரண்டிலும் உண்மைக்கு நஷ்டம். யாரிடம் அவர் வாங்கியதாகச் சொன்னார்களோ அந்த லாரிக்காரருக்கும் நியாயம் கிடைக்கவில்லை.

*

நியாயம் தவறுவதைப் பற்றித் தமிழில் ஒரு பெரிய கதை இருக்கிறது. மதுரையில் ஒரு ராஜா விசாரிக்காமல் ஒருவனைக் கொன்றான். அவன் மனைவி ஊரை எரித்துவிட்டு மேற்கே நடந்து வந்து ஏறியது எங்கள் மலைத்தொடரில் என்பார்கள். கூடலூருக்கு மேலே, தேனி-இடுக்கி எல்லையில் இருக்கும் கண்ணகி கோயிலுக்குச் சித்திரை பௌர்ணமி அன்று மட்டும் ஜனங்கள் போகலாம். சின்ன வயசில் பெரியப்பாதான் என்னைத் தோளில் வைத்துக் கூட்டிப்போனார்.

அந்தக் கதையில் ராஜா அவசரப்பட்டான். ஒரு பொற்கொல்லன் சொல்லை நம்பினான். ஆனால் தப்பு தெரிந்ததும் 'நானே கள்வன்' என்று ஒத்துக்கொண்டு அங்கேயே செத்தான். கண்ணகிக்குக் கேள்வி கேட்க ஒரு வாசலும், கேட்டதும் பதில் சொல்ல ஓர் ஆளும் இருந்தார்கள். ஆராயாமல் கொல்வதற்கு நம்மிடம் காப்பியம் இருக்கிறது. ஆராய்ந்துகொண்டே இருப்பதற்கு ஒரு கதைகூட இல்லை. ஏனென்றால் அதில் கதாபாத்திரமே இல்லை. பெரியப்பாவுக்கு யாருமே கெடுதல் நினைக்கவில்லை. முதல் அதிகாரி நல்லவர், மாற்றலாகிப் போனார். இரண்டாவது அதிகாரிக்குத் தேர்தல் வேலை. செக்‌ஷன் கிளார்க் பிரசவ விடுப்பு. ஃபைல் சும்மா இருந்தது. எவரும் செய்யாத ஒரு காரியம் ஒரு குடும்பத்துக்கு நடந்துகொண்டே இருந்தது.

காஃப்காவின் 'விசாரணை' நாவலில் ஜோசப் க. கைதான அன்றே, நீ வழக்கம்போல பாங்குக்கு வேலைக்குப் போகலாம் என்று சொல்லிவிடுகிறார்கள். இங்கே தலைகீழ். கைதில்லை, வழக்கில்லை, வேலைக்கு மட்டும் போகக் கூடாது. இரண்டிலும் பொதுவாக இருப்பது ஒன்று: கதவைத் தட்டினால் 'நான்தான் தாமதம்' என்று சொல்ல உள்ளே யாரும் இல்லை.

அதனால்தான் 2015 தீர்ப்பில் எனக்கு முக்கியமாகப் படுவது மூன்று மாதம் என்கிற எண் இல்லை. அது ஐந்து மாதமாகக்கூட இருந்துவிட்டுப் போகட்டும். நீட்டிப்பதென்றால் காரணம் எழுத வேண்டும் என்பதுதான் முக்கியம். காரணம் எழுதினால் கீழே ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். போட்டுவிட்டால் தாமதம் இயற்கைச் சீற்றம் இல்லை, ஒரு மனிதர் எடுத்த முடிவு. அதை எதிர்த்து வாதாடலாம், அவரிடம் கேட்கலாம், அவர் தப்பென்று நிரூபிக்கலாம். உயர் நீதிமன்றம் எண்ணைத் தளர்த்தினாலும், இந்தக் கையெழுத்தை மட்டும் யாரும் தளர்த்திவிடக் கூடாது.

*

குரங்கணிக்குத் திரும்புகிறேன். அந்த வாரம் எனக்கு வந்த திருப்தி எதற்காக என்று பின்னால் யோசித்தேன். தீ எப்படி வந்தது, பாதையில் ஆட்களை விட்டது யார், காட்டைக் காக்க எத்தனை ஆட்கள் இருந்தார்கள், அதை முடிவு செய்தது யார் என்று கேள்விகள் இருந்தன. எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரு வரி ஓடியதும் என் மனசு டிவியை அணைத்துவிட்டது. விசாரணை ஆரம்பித்ததற்கான அறிகுறியை நான் விசாரணை முடிந்ததாக எடுத்துக்கொண்டேன். சஸ்பென்ஷன் ஊழியரை மட்டும் நிறுத்தி வைப்பதில்லை, நம் கேள்வியையும் சேர்த்து நிறுத்தி வைக்கிறது. செத்துப்போனவர்களுக்கு நாம் செய்யும் துரோகம் அதுதான். வரம்பு இருந்தால் மூன்றாவது மாதம் யாராவது திரும்ப வந்து, 'என்ன கண்டுபிடித்தீர்கள்?' என்று கேட்டாக வேண்டும்.

போடிக்காரர்களுக்கு 'தற்காலிகம்' என்ற சொல் நன்றாகத் தெரியும். 2010 டிசம்பர் கடைசியில், பெரியப்பா வீட்டில் உட்கார்ந்த மூன்றாவது மாதம், மதுரை-போடி மீட்டர் கேஜ் ரயிலை அகலப் பாதைக்காக நிறுத்தினார்கள். திரும்ப ரயில் வந்தது 2023 ஜூனில். முதல் வாரத்திலேயே பெரியப்பாவைக் கூட்டிக்கொண்டு தேனிவரை போய் வந்தேன். ஜன்னலோரம் உட்கார்ந்து மலையையே பார்த்துக்கொண்டு வந்தார். "ரயிலுக்காச்சும் போர்டுல தேதி போட்டாங்க" என்றார். நான் சிரித்தேன், அவர் சிரிக்கவில்லை.

அவருடைய காகிதங்கள் எல்லாம் ஒரு பிளாஸ்டிக் கவரில் இருக்கின்றன. இந்தக் கட்டுரைக்காக எடுத்துப் பார்த்தேன். சஸ்பெண்ட் செய்த உத்தரவில் ஒரு கையெழுத்து இருக்கிறது. குறிப்பாணையில் ஒன்று. திரும்பச் சேர்த்த உத்தரவில் ஒன்று. நடுவில் இருந்த மூன்று வருடம் எட்டு மாதத்தில் யாருடைய கையெழுத்தையும் தேடினேன். மாதாமாதம் பிழைப்பூதியத்துக்கு அவர் போட்ட கையெழுத்து மட்டும்தான் இருந்தது.